நாள் பார்த்து வரும் சாமி: பாலியில் குனிங்கான் தரிசனம்

பாலித் தீவில் எந்தக் கோயிலுக்குப் போகலாம் என்று கேட்டால், "என்றைக்கு?" என்று திருப்பிக் கேட்பார்கள். எங்கள் ஓட்டுநரும் அதைத்தான் கேட்டார்.

நம்மூரில் மூலவர் எப்போதும் இருப்பார், நடை திறந்திருந்தால் போதும். பாலிக் கோயில்கள் வேறு மாதிரி. சுவர் சூழ்ந்த திறந்த முற்றம், உள்ளே பல சிறு சன்னதிகள், உயரமாக ஒரு பத்மாசனம். அதன் உச்சியில் கல் நாற்காலி காலியாக இருக்கும். கோயிலின் ஓடாலான், அதாவது பிறந்தநாள் திருவிழா வரும்போது சாமி இறங்கி வந்து அமர்கிறார், விழா முடிந்ததும் திரும்பிப் போகிறார். சாதாரண நாளில் போனால் கட்டடத்தைப் பார்க்கலாம், அவ்வளவுதான். அதனால்தான் அந்த "என்றைக்கு?"

இந்த நாட்களைச் சொல்லும் பஞ்சாங்கத்துக்குப் பவுகோன் என்று பெயர். சூரியனையும் பார்க்காது, சந்திரனையும் பார்க்காது. 210 நாள் ஆனதும் மறுபடி முதல் நாள். ஏழு நாள் கொண்ட 30 வாரங்கள், ஒவ்வொன்றுக்கும் தனிப் பெயர். சோமா, அங்காரா, புதா, சுக்ரா என்று வரும் கிழமைகள் நமக்கு உடனே பிடிபட்டுவிடும். ஆனால் ஏழு நாள் வாரம் மட்டும் ஓடவில்லை. ஒரு நாள் வாரத்திலிருந்து பத்து நாள் வாரம் வரை, பத்து விதமான வாரங்கள் ஒரே நேரத்தில் ஓடுகின்றன. ஆகவே ஒரே நாளுக்குப் பத்துப் பெயர்வரை வரும். மாயாஜாலக் கதை எழுதுபவர் யாராவது தன் கற்பனை உலகத்துக்கு இப்படி ஒரு காலண்டர் போட்டிருந்தால், "ரொம்ப ஓவர்" என்று நானே சொல்லியிருப்பேன். இங்கே சந்தைக்குப் போகும் பாட்டிகூட இதை வைத்துத்தான் பேசுகிறார்.

கணக்குப் பிடிப்பவர்களுக்கு ஒரு கேள்வி வரும். 210 நாலாலும் எட்டாலும் ஒன்பதாலும் மீதியில்லாமல் வகுபடாதே? ஒன்பது நாள் வாரத்துக்குச் சுற்றின் தொடக்கத்திலேயே ஒரே பெயரை நான்கு நாள் வைத்துச் சரிசெய்துவிடுகிறார்கள். நாலு நாள், எட்டு நாள் வாரங்களுக்குச் செய்ததுதான் அழகு. டுங்குலான் என்ற பதினோராவது வாரத்தில் ஞாயிறு, திங்கள், செவ்வாய் மூன்றுக்கும் ஒரே பெயர். எட்டு நாள் வாரத்தில் அந்தப் பெயர் காலா. அந்த மூன்று நாளும் காலா என்ற அசுரன் மூன்று உருவில் இறங்கி மனிதரைச் சோதிப்பதாக நம்பிக்கை. மறுநாள் புதன்கிழமை காலுங்கான், தர்மம் வென்ற நாள். கணக்கு இடறும் இடத்தில் அசுரனை நிறுத்தி, அதைத் தாண்டியதும் பண்டிகை! எந்தக் காலத்து ஆசான் யோசித்தாரோ, அவரைக் கையெடுத்துக் கும்பிட வேண்டும்.

30 வாரப் பெயர்களுக்கும் கதை உண்டு. வாட்டுகுனுங் என்ற அரசன், தாய் என்று அறியாமலே தன் தாய் சிந்தாவை மணந்துகொள்கிறான். அவனை விஷ்ணு வீழ்த்துகிறார். சிந்தா, லண்டெப் என்ற இரு ராணிகள், 27 பிள்ளைகள், கடைசியில் வாட்டுகுனுங். மொத்தம் 30. கடைசி வாரத்துச் சனிக்கிழமை சரஸ்வதி பூஜை. புத்தகங்களை அடுக்கிப் படையல் வைப்பார்கள், அன்று படிக்கக் கூடாது. நம் வீட்டு வழக்கம்தான், என்ன, நமக்கு வருடம் ஒருமுறை, அவர்களுக்கு 210 நாளுக்கு ஒருமுறை.

2025 ஏப்ரல் 23 அன்று காலுங்கான். முந்தின நாளே தெருவெல்லாம் பென்ஜோர் நட்டிருந்தார்கள். நுனி வளைந்து தொங்கும் நெடு மூங்கில், அதில் தென்னங்குருத்துத் தோரணம், நெல், பழம். செவ்வாய்க்கிழமை வீடுதோறும் பன்றி அறுப்பார்கள். சைவம் சாப்பிடுபவர்கள் அன்று சந்துக்குள் நடக்காமல் இருப்பது நல்லது. காலுங்கானுக்கு இறங்கி வரும் முன்னோர்கள் பத்து நாள் கழித்து, குனிங்கான் சனிக்கிழமை கிளம்பிப் போகிறார்கள்.

அந்தக் குனிங்கான் அன்றுதான் செராங்கான் தீவில் சாகேனான் கோயிலின் ஓடாலான். மே 3, விடியலிலேயே புறப்பட்டோம். முன்பு படகில்தான் போக வேண்டுமாம், இப்போது பாலம் இருக்கிறது. பாலம் முழுக்க மோட்டார் சைக்கிள். அப்பா ஓட்ட, முன்னால் குழந்தை, பின்னால் அம்மா மடியில் படையல் கூடை, எல்லாரும் வெள்ளை உடை. எங்களுக்கும் இடுப்பில் சரோங், அதன்மேல் கச்சை. "மதியத்துக்குள் முடிக்கணும், ஐயா. அப்புறம் அவங்க போயிடுவாங்க" என்று ஓட்டுநர் அவசரப்படுத்தினார். முன்னோர்களைச் சொல்கிறார், ரயிலுக்கு நேரமாகிவிட்டது போல.

பவளக்கல்லில் கட்டிய பழைய கோயில். வரிசை கிடையாது, சிறப்பு தரிசனச் சீட்டு கிடையாது. முற்றம் நிறைந்ததும் எல்லாரும் தரையில் அமர்கிறார்கள், பெமங்கு என்ற பூசாரி மணியடிக்கிறார். பக்கத்தில் இருந்த அம்மாள் தன் கூடையிலிருந்து எனக்குப் பூவும் ஊதுவத்தியும் எடுத்துக் கொடுத்து, எப்போது கையைத் தூக்க வேண்டும் என்று கண்ணாலேயே காட்டினார். ஐந்து முறை கும்பிட வேண்டும். முதலும் கடைசியும் வெறுங்கையோடு, நடுவில் மூன்றும் பூவோடு. பூவோடு செய்யும் முதல் கும்பிடு சூரியனாக விளங்கும் சிவனுக்கு. "ஓம் ஆதித்யஸ்ய பரம் ஜ்யோதி" என்று காதில் விழுந்ததும் எனக்குச் சிலிர்த்துவிட்டது. அதற்கு முன் ஒலிபெருக்கியில் வந்த திரிசந்தியா என்ற மூவேளைப் பிரார்த்தனையில் காயத்ரி மந்திரமே இருந்தது. அப்புறம் தீர்த்தம். தலையில் தெளித்து, மூன்று முறை குடிக்கத் தந்து, முகத்தில் துடைத்துக்கொள்ளச் சொன்னார்கள். ஈர அரிசியை நெற்றியிலும் தொண்டைக்குழியிலும் ஒட்டிக்கொண்டோம்.

வெளியே வந்ததும் மஞ்சள் சோறு. குனிங்கானுக்கு அதுதான் படையல். மஞ்சள், தேங்காய் எல்லாம் சேர்ந்து நம் நாக்குக்கு அந்நியமாகவே இல்லை. பத்தரை மணிக்கெல்லாம் கூட்டம் கலைய ஆரம்பித்துவிட்டது.

போக நினைப்பவர்களுக்கு: அடுத்த சுற்றுகளில் ஒன்றாக 2026 ஜூன் 17 காலுங்கான், ஜூன் 27 குனிங்கான். அதற்கு அடுத்த புதன், ஜூலை 1, கடல் பாறைமேல் இருக்கும் தானா லோட் கோயிலின் ஓடாலான். எல்லாக் கோயிலும் இந்தக் கணக்கில் வராது. சில கோயில்களுக்குச் சக ஆண்டின் பௌர்ணமிக் கணக்கு, பெசாக்கி மலைக்கோயிலின் பெரிய விழா பத்தாம் மாதப் பௌர்ணமியில் வரும். தானா லோட்டுக்கு நாளைப் பவுகோன் சொல்லிவிடும், ஆனால் பாறைக்கு நடந்து போகக் கடல் உள்வாங்க வேண்டும். அது நிலாவின் கணக்கு, முந்தின நாளே அங்கே விசாரித்துக்கொள்ளுங்கள்.