வீட்டில ஆர் இப்பிடிக் கதைக்கிறது?

தமிழ் மாஸ்டர் காலமான செய்தி கிடைத்த கிழமைதான், என் தொலைக்காட்சி அனுபவத்தை எழுதித் தரும்படி எங்கள் பழைய மாணவர் சங்கத்தின் மலர்க்குழு கேட்டது. மாஸ்டரை விட்டுவிட்டு அதை எழுத என்னால் முடியாது.

பள்ளிக்கூடத் தமிழ் விழாவுக்கு நாடகம் எழுதிக் கொடுத்த எல்லோருக்கும் அவருடைய முறை தெரியும். கொப்பியை வாங்கி, முழு வகுப்பும் கேட்க வாசிப்பார். என் முதல் நாடகத்தில், ஊரைவிட்டுப் போகும் மகனிடம் தாய், "மகனே, என் கண்ணீர் உனக்குத் துணை நிற்கும்" என்பாள். மாஸ்டர் அந்த இடத்தில் நிறுத்தினார்.

"உங்கட வீட்டில ஆர் தம்பி இப்பிடிக் கதைக்கிறது?"

வகுப்பே சிரித்தது. அவர் சிரிக்கவில்லை. சனிக்கிழமை சுன்னாகம் சந்தைக்குப் போய், காதில் விழுந்ததை எழுதிவரச் சொன்னார். வெங்காயம் விற்ற ஒரு அம்மா, கொழும்புக்கு வெளிக்கிட்ட மகனைப் பற்றிப் பக்கத்துக் கடைக்காரியிடம் சொல்லிக்கொண்டிருந்தார்: "விடியவே பிட்டு அவிச்சுக் கட்டிக் குடுத்தனான். வேறென்னத்தைச் சொல்ல?" மாஸ்டர் அந்த வரியைச் சிவப்புப் பென்சிலால் கோடிட்டு, "இதுதான் நாடகம்" என்றார். அன்று பட்ட அவமானம் அத்தோடு போய்விட்டது. வசனம் எழுத நான் வேறெங்கும் படிக்கவில்லை.

1977இல் 'பொன்மணி' வந்தபோது எங்களைக் கூட்டிக்கொண்டு போனவரும் அவர்தான். காவலூர் இராசதுரை எழுத, தர்மசேன பத்திராஜா இயக்கி, யாழ்ப்பாணத்திலேயே எடுத்த படம். சீதனத்தையும் சாதியையும் நேருக்கு நேர் பேசியது. இந்தியப் படங்களுக்குப் பழகிய சனம் வரவில்லை, கனநாள் ஓடவுமில்லை. "சிங்கள மனுசன் ஒருத்தர் எங்கட முற்றத்தை எங்களை விடக் கவனிச்சிருக்கிறார்" என்று மாஸ்டர் வழிநெடுகச் சொல்லிக்கொண்டே வந்தார்.

அப்புறம் 1983 யூலைக் கலவரம். கொழும்புக்குப் பக்கத்தில் ஹெந்தளையில் விஜயா சினிமா ஸ்டூடியோ எரிந்தபோது பல படங்களின் மூலச்சுருள்களும் எரிந்துபோயின. அடுத்த ஆண்டு நானும் வெளிக்கிட்டேன்.

ரொறன்ரோவில் தமிழ்த் தொடர்களுக்கு எழுதினேன், பிறகு தயாரித்தேன். தயாரிப்பாளர் என்றால் பெரிய பெயர்தான்; வேலையோ வேலை முடிந்து வரும் நடிகர்களுக்குச் சாப்பாடு ஒழுங்குபண்ணுவதும், ஸ்காபரோவில் ஒரு வீட்டு பேஸ்மென்றை ஊர் வீடாக மாற்றுவதும், விளம்பரக் காசு வரும்வரை கமராக்காரரைச் சமாளிப்பதும். அதையெல்லாம் விரும்பியே செய்தேன். ஆனால் இங்கே பிறந்த பிள்ளைகள் நான் எழுதியதை ஓர் எழுத்துப் பிசகாமல் பாடமாக்கிச் சொல்லும்போது, அதில் எங்கள் இழுவை இருக்காது. அவர்களை அனுப்ப என்னிடம் சந்தை இல்லை.

"ஒரு படமாவது இங்க வந்து எடு" என்று மாஸ்டர் கடிதத்துக்குக் கடிதம் எழுதினார். நான் போகவில்லை. அவருக்குக் காட்ட ஒரு படம் இல்லாமல் போனது எனக்கு ஆறாத துக்கம்.

தமிழ் விழா நாடகப் பிரதிகள், அவருடைய திருத்தங்களோடு, யாரிடமாவது இருந்தால் தயவுசெய்து ஸ்கான் பண்ணிச் சங்கத்துக்கு அனுப்புங்கள். பூச்சி அரித்த ஒற்றைத் தாளாக இருந்தாலும் பரவாயில்லை. ஒழுங்குபடுத்தித் தட்டச்சு செய்யும் பொறுப்பு என்னுடையது.