நகராத நிழலில் ஒரு சிற்பக்கலை

நாவலுக்காக ஒரு கற்பனை உலகத்தை உருவாக்கும்போது ஆறு, மலை, நாணயம், சாப்பாடு எல்லாம் ஓரளவு சுலபமாக வந்துவிடுகின்றன. அந்த மக்கள் எதைப் பிரம்மாண்டமாகச் செய்து வைத்திருப்பார்கள் என்ற இடத்தில்தான் எழுதுகிறவரின் சரக்கு தெரிந்துவிடும். ஆயிரம் அடிச் சிலை என்று எழுதிவிடலாம். பூஜ்யம் சேர்க்கக் காசா பணமா? எனக்கு அந்த உலகத்தில் மட்டுமே பிறக்கக்கூடிய ஒரு கலை வேண்டியிருந்தது. அதனால் கல்லை ஒதுக்கி வைத்துவிட்டு முதலில் வானத்தை முடிவு செய்தேன்.

மாதிரிக்கு ஒரு நிஜக் கோள் இருக்கிறது. 4.2 ஒளியாண்டு தொலைவிலுள்ள பிராக்சிமா சென்டாரி என்ற சிவப்புக் குறுமீனை, அதாவது சிறிய, மங்கலான விண்மீனை, சுற்றும் கோள், 2016-இல் அறிவிக்கப்பட்டது. அது ஒரு சுற்றை 11.2 நாளில் முடித்துவிடுகிறது. விண்மீனுக்கு இவ்வளவு நெருங்கிய கோள், நிலா நமக்குக் காட்டுவதுபோல, ஒரே முகத்தை அதற்குக் காட்டிக்கொண்டிருக்க வாய்ப்பு அதிகம். என் உலகத்தையும் அப்படியே பூட்டினேன். ஒரு பக்கம் ஓயாத பகல், மறுபக்கம் ஓயாத இரவு, நடுவில் அந்தி வளையம். மக்கள் அந்த வளையத்தில் வாழ்கிறார்கள். சூரியன் அடிவானத்துக்கு மேலே 5 பாகையில் உட்கார்ந்திருக்கிறது. எழுவதும் இல்லை, விழுவதும் இல்லை.

இதை எழுதி முடித்ததுமே கலை கிடைத்துவிட்டது. சூரியன் நகராவிட்டால் நிழலும் நகராது. குளிர்ந்த நிலத்தில் நகராத நிழல் விழுந்தால் அங்கே உறைபனி தங்கும். நம் நிலாவின் துருவப் பள்ளங்களில், வெயிலே படாத இடங்களில், இன்றும் பனிக்கட்டி இருக்கிறது. ஆக, என் மக்கள் நிறுத்துவது கல்லை. படைப்பது அதன் பின்னால் மண்ணில் படியும் வெள்ளை உருவத்தை. நிழற்பனி என்று பெயர் வைத்தேன்.

நண்பர் ஒருவரிடம் சொன்னேன். “அங்கே தஞ்சைப் பெரிய கோயிலைக் கட்டிவிடாதே, நிழலே விழாது” என்றார். (விமானத்தின் நிழல் தரையில் நன்றாகவே விழுகிறது. அந்தக் கதை மட்டும் சாகமாட்டேன் என்கிறது.)

பிறகு கணக்கு. 5 பாகை வெயிலில் 10 மீட்டர் கல்லுக்கு 114 மீட்டர் நிழல். குறைந்த கல், பெரிய படம், கூலி கட்டுப்படியாகும். ஆனால் அந்தச் சூரியன் சிறிய விண்மீன் என்றாலும் மிக அருகில் இருப்பதால், வானத்தில் நம் சூரியனைப் போல மூன்று மடங்கு அகலமாகத் தெரியும். ஒளி தரும் வட்டம் பெரிதாக ஆக, கருநிழல் (வெளிச்சமே படாத நடுப்பகுதி) சுருங்கிப் புறநிழல் (ஓரத்து மங்கல் நிழல்) பரவும். எவ்வளவு என்று கண்ணால் பார்க்க, அட்டையில் 9 சென்டிமீட்டர் வட்டம் வெட்டி, எண்ணெய்த்தாள் ஒட்டி, பின்னால் விளக்கை வைத்து, 3 மீட்டர் தள்ளி அட்டைப் பொம்மைகளை நிறுத்தினேன். விளக்கு பக்கத்தில் இருப்பதால் நிழலின் நீளத்தை இந்தச் சோதனை சரியாகச் சொல்லாது. விளிம்பைச் சொல்லும். பொம்மையின் காலடியில் நிழல் கூர்மையாக இருந்தது. தலைப்பக்கம் போகப்போகக் கலங்கிவிட்டது. கணக்கும் அதையே சொன்னது: 114 மீட்டர் தள்ளி, பக்கவாட்டு விளிம்பு 3 மீட்டருக்கு மேல் மங்கிவிடும். அங்கே மூக்கும் இல்லை, விரலும் இல்லை.

இதற்கு என் சிற்பிகள் கண்ட வழி எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது. அவர்கள் உருவங்களைத் தலைகீழாக நிறுத்துகிறார்கள். முகம் தரையை ஒட்டி இருக்கும், கால்கள் வானத்தில். நுணுக்கமான வேலையெல்லாம் அடிப்பகுதியில். உச்சியில் வெறும் திரள். நிழல் நீளவாக்கில் பதினோரு மடங்குக்கு மேல் இழுபடுவதால், கல்லில் உருவம் நசுங்கிக் குள்ளமாக இருக்க வேண்டும். வெளியூர்க்காரன் கல்லைப் பார்த்தால், இது என்ன அவலட்சணம் என்பான். அவன் கல்லைப் பார்க்கக் கூடாது.

கோளின் பாதை முழு வட்டமாக இருந்தால் எல்லாம் உறைந்துபோன ஓவியம்தான். கொஞ்சம் நீள்வட்டமாக்கினேன், மையப்பிறழ்வு (பாதை வட்டத்திலிருந்து விலகும் அளவு) 0.02. இதனால் ஒவ்வொரு சுற்றிலும் சூரியன் தன் இடத்திலிருந்து இருபக்கமும் 2.3 பாகை ஆடும். அந்தி வளையம் கோளின் நிலநடுக்கோட்டைக் கடக்கும் இடத்து ஊர்களில் அது மேலும் கீழுமான ஆட்டம்: அதே கல்லின் நிழல் 78 மீட்டருக்கும் 212 மீட்டருக்கும் இடையே நீண்டு சுருங்கும். உள்ளே நிரந்தரப் பனி. வெளியே 11 நாளுக்கு ஒருமுறை உறைந்து உருகும் பனி. துருவத்து ஊர்களில் சூரியன் பக்கவாட்டில் ஆடுவதால் நிழலின் முனை இருபுறமும் நாலரை மீட்டர் நகரும். இரண்டு ஊராரும் மற்றவர் செய்வது கலையே அல்ல என்கிறார்கள். நான் நடுக்கோட்டார் கட்சி.

பராமரிப்பை இங்கிலாந்தின் அஃபிங்டன் வெள்ளைக் குதிரையிடமிருந்து எடுத்துக்கொண்டேன். சுமார் 110 மீட்டர் நீளம், ஏறத்தாழ மூவாயிரம் ஆண்டு வயது; மலைச்சரிவில் பள்ளம் தோண்டிச் சுண்ணம் நிரப்பிய உருவம். அவ்வப்போது ஊரார் சுரண்டிச் சுத்தம் செய்யாமல் இருந்திருந்தால் புல் எப்போதோ மூடியிருக்கும். என் உலகத்தில் புல்லுக்குப் பதில் புழுதி. அழுக்கேறிய பனி, நிழலைத் தாண்டிச் சிதறி வரும் வெளிச்சத்தையும் உறிஞ்சிச் சீக்கிரம் உருகும். ஆகவே துடைப்பத்தோடு நிழற்காவலர்கள், அவர்களுக்குச் சம்பளம், சம்பளத்துக்கு ஒரு வரி, வரி கட்டமாட்டேன் என்று ஒரு கிராமம்.

அந்தக் கிராமத்துக்காரன் ஒருவன் சூரியனுக்கும் கல்லுக்கும் நடுவே மாடி வீடு கட்டுகிறான். வீட்டு நிழல் கல்லின் மேல் விழுந்து படத்தை அழிக்கும் என்று காவலர்கள் வழக்குப் போடுகிறார்கள். பதின்மூன்று தலைமுறையாகத் தன் குடும்பத்து நிலம் அது என்கிறான் அவன். நாவலின் இரண்டாம் பாகம் முழுவதும் இந்த வழக்குதான். தீர்ப்பை இன்னும் எழுதவில்லை.