வெட்டப்பட்ட பக்கங்களைப் படிக்கும் பார்பரா ஃபோலி

அமெரிக்கப் புனைகதையையும் சமூக நீதியையும் இணைத்து எழுதிய ஆய்வாளர்களில் நான் அடிக்கடி எடுத்துப் படிப்பவர் பார்பரா ஃபோலி. நியூஜெர்சியில் ரட்கர்ஸ் பல்கலைக்கழகத்தின் நூவர்க் வளாகத்தில் நெடுங்காலம் கற்பித்த அவர், தமது மார்க்சியச் சார்பை எங்கும் மறைத்ததில்லை. 1993இல் வெளிவந்த 'ராடிக்கல் ரெப்ரசன்டேஷன்ஸ்' 1929 முதல் 1941 வரையிலான பாட்டாளி வர்க்க நாவல்களைப் பற்றியது. கம்யூனிஸ்ட் கட்சி ஆணையிட்டது, எழுத்தாளர்கள் பணிந்தார்கள், அதனால் கலை கெட்டது என்ற பழகிப்போன குற்றச்சாட்டை அதில் அவர் மறுக்கிறார். பாட்டாளி இலக்கியம் என்பது தொழிலாளி எழுதுவதா, அவருக்காக எழுதுவதா, அவரைப் பற்றியதா, அவருடைய அரசியல் நோக்கில் அமைவதா என்பதிலேயே அன்றைய இடதுசாரி விமர்சகர்கள் ஒத்துப்போகவில்லை என்று காட்டுகிறார்.

அவருடைய நூல்களில் என்னை அதிகம் யோசிக்க வைத்தது 2010இல் வந்த 'ரெஸ்லிங் வித் த லெஃப்ட்'. கறுப்பின அமெரிக்க எழுத்தாளர் ரால்ஃப் எலிசன் 1945இல் தொடங்கி 1952இல் வெளியிட்ட 'இன்விசிபிள் மேன்' நாவலில், கம்யூனிஸ்டுகளை நினைவூட்டும் 'பிரதர்ஹுட்' இயக்கம் கறுப்பின மக்களைப் பகடைக்காய்களாகப் பயன்படுத்தும் அமைப்பாக வருகிறது. ஆனால் எலிசன் முன்பு 'நியூ மாஸஸ்' என்ற இடதுசாரி இதழில் எழுதியவர். அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தில் உள்ள வரைவுகளை ஃபோலி ஒவ்வொன்றாக ஒப்பிடும்போது, அவ்வியக்கத்தின் மீது பரிவு கொண்ட பகுதிகள் படிப்படியாக மறைவதைப் பார்க்கிறோம். மேரி என்ற பெண்மணியின் வீட்டில் குடியிருந்த லீராய் என்ற இளம் மாலுமியின் நாட்குறிப்பைக் கதைசொல்லி படிக்கும் பகுதி முழுவதும் நீக்கப்பட்டிருக்கிறது. தீவிர அரசியல் சிந்தனை நிறைந்த பக்கங்கள் அவை. வாசகர்கள் பொதுவான மனித ஏமாற்றம் என்று எடுத்துக்கொண்ட ஒன்று, பனிப்போர் முற்றிய ஆண்டுகளில் எழுதியும் அடித்தும் உருவாக்கப்பட்டது என்பதற்கு இதைவிட வலுவான சான்று தேவையில்லை.

இருந்தாலும், ஒவ்வொரு நீக்கத்தையும் அரசியல் பின்வாங்கலாகவே அவர் கணக்கிடும்போது எனக்கு உடன்பாடில்லை. எல்லாவற்றையும் தெளிவாகச் சிந்தித்து எழுதிவைத்த ஒருவனுடைய நாட்குறிப்பு கையில் கிடைத்துவிட்டால், நாவல் முழுவதும் தட்டுத்தடுமாறி நடக்கும் கதைசொல்லிக்குத் தடுமாற வேலையே இருக்காது. எலிசன் அதைக் கதையின் கட்டுக்கோப்புக்காகவும் வெட்டியிருக்கலாமே!

அமெரிக்க எழுத்தாளர் ஜீன் டூமரைப் பற்றிய 2014ஆம் ஆண்டு நூலில் அத்தகைய நெருடல் எனக்கு இல்லை. 1918இல் ஜார்ஜியாவில், கணவரைக் கும்பல் கொன்றதைக் கண்டித்துப் பேசியதற்காக, நிறைமாதக் கர்ப்பிணியான மேரி டர்னரும் கும்பலால் கொல்லப்பட்டார். டூமர் 1921இல் அதே மாநிலத்தின் ஸ்பார்ட்டா ஊர்ப் பள்ளியில் சிறிது காலம் பொறுப்பு முதல்வராக இருந்தார். 1923இல் வெளியான அவருடைய 'கேன்' நூலில் அக்கொலை வேறு பெயரில் சில வரிகளாக வந்துபோகிறது. அந்த வரிகளுக்குப் பின்னால் உள்ள வரலாற்றை ஃபோலி விரித்துக் காட்டுகிறார். அவரை முதன்முதலாகப் படிப்பவர்களுக்கு இந்த நூலையே பரிந்துரைப்பேன். எலிசன் பற்றிய நூலுக்கு நாவலை அருகில் வைத்துக்கொள்ளும் பொறுமை வேண்டும்.