ஈயின் உடம்பில் கடைமடை காய்வதில்லை

நான் வேலை செய்வது பழ ஈக்களோடு. இன்னும் சரியாகச் சொன்னால், அந்த ஈயின் முட்டைக்குள் குழாய்கள் எப்படி உண்டாகின்றன என்று பார்ப்பதுதான் என் வேலை. நம் உடம்பையே எடுத்துக்கொள்ளுங்கள். ரத்தக்குழாய், நுரையீரலுக்குள் கிளைத்துப் போகும் காற்றுக்குழாய், சிறுநீரகத்துக்குள் இருக்கும் லட்சக்கணக்கான நுண்குழாய்கள், எச்சில் சுரப்பி, குடல் என்று பாதிக்கு மேல் உறுப்புகள் அடிப்படையில் குழாய்கள்தான். ஈக்கும் அப்படியே. ஆனால் முட்டை இட்ட நேரத்தில் அதற்குள் ஒரு குழாய்கூடக் கிடையாது. 25 டிகிரியில் வைத்தால் ஏறத்தாழ ஒரு நாளில் புழு வெளியே வந்துவிடும், வரும்போது மூச்சு விடத் தயாராக, தின்னத் தயாராக, கழிவை வெளியேற்றத் தயாராக வரும். அந்த ஒரு நாளுக்குள் என்ன நடக்கிறது என்பதில்தான் நான் இத்தனை காலமாக உட்கார்ந்திருக்கிறேன்.

ஒன்றை முதலிலேயே தெளிவாக்கிவிடுகிறேன். எங்கள் பக்கம் பழ ஈ என்றால் மாம்பழத்தையும் பாகற்காயையும் துளைத்து அழுக வைக்கும் ஈயைத்தான் நினைப்பார்கள், வேளாண்மைத் துறையில் பொறி வைத்துப் பிடிக்கச் சொல்வார்களே, அது. நான் சொல்வது வேறு குடும்பத்தைச் சேர்ந்தது. வீட்டில் பூவன் தார் கனிந்து தொங்கும்போது எங்கிருந்தோ வந்து மொய்க்குமே, சிவப்புக் கண்ணோடு, சுமார் 3 மில்லிமீட்டர் நீளத்தில், அந்தச் சின்ன ஈ. டிரோசோஃபிலா. பயிருக்கு அதனால் பெரிய தொல்லை கிடையாது, கனிந்ததைத்தான் அது தேடி வரும்.

என் ஊர் திருத்துறைப்பூண்டிப் பக்கம். டெல்டாக்காரர்களுக்கு இதைச் சொன்னாலே போதும், புரிந்துவிடும். மேட்டூரில் திறந்த தண்ணீர் கல்லணைக்கு வந்து, அங்கே பிரிந்து, நீடாமங்கலம் மூணாறு தலைப்பில் வெண்ணாறு, கோரையாறு, பாமணியாறு என்று மறுபடியும் பிரிந்து, அப்புறம் வாய்க்கால், கிளை வாய்க்கால் என்று கிளைத்துக்கொண்டே போய், கடைசியில் கடைமடையில் இருக்கும் எங்கள் வயலுக்கு வருவதற்குள் பல வருடங்களில் நாற்று காய்ந்துவிடும். ஜூன் 12-ல் அணை திறந்தார்கள் என்று தொலைக்காட்சியில் பூத்தூவுவதைக் காட்டுவார்கள், எங்கள் மதகில் புல்தான் முளைத்திருக்கும்.

அதனால்தானோ என்னவோ, என் ஆராய்ச்சியை எங்கள் வீட்டில் நன்றாகப் புரிந்துகொண்டவர் அப்பாதான். ஈயின் மூச்சுக்குழாய்ப் படம் ஒன்றைக் கைபேசியில் காட்டினேன். இரண்டு பெரிய குழாய்கள் தலையிலிருந்து வால்வரை ஓட, அவற்றிலிருந்து கிளை, கிளைக்குள் கிளை என்று உடம்பு முழுக்கப் பரவியிருக்கும். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "இதுக்கு மேட்டூரு எது பாப்பா?" என்றார்.

மிகச் சரியான கேள்வி. பதில், மேட்டூர் கிடையாது. நமக்கு நுரையீரல் இருக்கிறது, அங்கே சேரும் ஆக்சிஜனை ரத்தம் சுமந்துகொண்டு போய் எல்லா இடத்துக்கும் கொடுக்கிறது. பூச்சிகளின் ரத்தம் பெரும்பாலும் அந்த வேலையைச் செய்வதில்லை. காற்று நேராகவே குழாய் வழியாக ஒவ்வொரு தசைக்கும் ஒவ்வொரு நரம்புக்கும் போய்ச் சேர வேண்டும். உடம்பின் ஓரத்தில் சின்னத் துளைகள் இருக்கும், அதன் வழியாக உள்ளே வரும். ஆகவே குழாய் எந்த இடத்துக்குப் போகவில்லையோ அந்த இடம் மூச்சுத் திணறிச் சாகும். அப்படியானால் எங்கே போக வேண்டும் என்று குழாய்க்கு யார் சொல்கிறார்கள்?

இதற்கான விடை இரண்டு கட்டமாக இருக்கிறது. இரண்டாவதுதான் என்னை இந்தத் துறையில் பிடித்து வைத்திருக்கிறது, ஆனால் முதலாவது இல்லாமல் அது புரியாது.

முதல் கட்டம். கருவின் மேற்பரப்பில் ஒவ்வொரு பக்கமும் 10 இடங்களில் சுமார் 80 செல்கள் கொண்ட சிறு திட்டுகள் தோன்றுகின்றன. இவைதான் மூச்சுக்குழாயாக மாறப்போகிறவை என்று முடிவு செய்வது ட்ரேக்கியாலெஸ் என்ற ஜீன். ஒரு ஜீன் கெட்டுப்போனால் எது காணாமல் போகிறதோ அதை வைத்தே பெயர் சூட்டுவது ஈக்காரர்களின் வழக்கம், இது கெட்டால் மூச்சுக்குழாயே இருக்காது. அந்தத் திட்டில் உள்ள செல்களின் வெளிப்பக்க முனை சுருங்குகிறது. தசை சுருங்க உதவும் ஆக்டின், மயோசின் வகைப் புரதங்கள் இங்கே செல்லின் மேல்முனையில் கூடி இழுக்கின்றன. மேல்முனை குறுகி அடிப்பக்கம் அகலமாக இருந்தால் தட்டையாக இருந்த பரப்பு தானாகவே உள்ளே குழியும், குழி ஆழமாகிப் பையாகும். அதன் பிறகு இந்தச் செல்கள் கருவுக்குள் இருக்கும்வரை பிரிந்து பெருகுவதே இல்லை. இருக்கிற 80 செல்களை வைத்துக்கொண்டே, இடம் மாறி, நீண்டு, ஒன்றின்மேல் ஒன்று ஏறி, அத்தனை கிளைகளையும் போட்டு முடிக்கின்றன. பக்கத்தில் பக்கத்தில் இருந்த இரண்டு செல்கள் நகர்ந்து முன்னும் பின்னுமாக வரிசையில் நின்று, ஒவ்வொன்றும் தன்னைத்தானே வளைத்துத் தன் ஓரத்தோடு ஓரத்தை ஒட்டிக்கொள்ளும், நடுவில் காற்று போகும் வழி இருக்கும். இதைக் கான்ஃபோகல் நுண்ணோக்கியில் உயிரோடு ஓடும் படமாகப் பார்த்தவர்களுக்குத்தான் தெரியும், நான் இன்னும் பார்த்துச் சலிக்கவில்லை.

(எச்சில் சுரப்பியும் இப்படித்தான் உள்ளே இறங்குகிறது. அதில் இன்னொரு அழகு என்னவென்றால் எல்லாச் செல்களும் ஒன்றாக இறங்குவதில்லை, ஒரு மூலையில் சில செல்கள் முதலில் குழிய, மற்றவை அந்தக் குழியை நோக்கி நகர்ந்து வரிசையாக உள்ளே போகின்றன. ஃபோர்க்ஹெட் என்ற ஜீன் இல்லாவிட்டால் இறங்கவே இறங்காது. நம் முதுகுத்தண்டும் மூளையும் உண்டாகும் நரம்புக்குழாய் மடிவதிலும் இதே மேல்முனைச் சுருக்கத்துக்குப் பங்கு உண்டு. அந்தக் குழாய் கரு உண்டான 28 நாட்களுக்குள் மூடிவிட வேண்டும், பல பெண்களுக்கு அப்போது தாம் கர்ப்பம் என்பதே தெரிந்திருக்காது. ஃபோலிக் அமில மாத்திரையைக் கருத்தரிப்பதற்கு முன்பிருந்தே சாப்பிடச் சொல்வது இதனால்தான். ஈயைப் பார்த்து என்ன ஆகப்போகிறது என்று கேட்பவர்களுக்கு நான் முதலில் சொல்வது இதை.)

சரி, கிளை எந்தப் பக்கம் போகும்? பைக்கு வெளியே, சில குறிப்பிட்ட இடங்களில் உள்ள செல்கள் பிராஞ்ச்லெஸ் என்ற புரதத்தைச் சுரக்கின்றன. குழாய்ச் செல்களின் மேல் அதைப் பிடித்துக்கொள்ளும் ஏற்பி இருக்கிறது, அதன் பெயர் பிரெத்லெஸ். புரதம் எங்கே சுரக்கிறதோ அந்தத் திசையில் குழாய் நீள்கிறது. சுரக்காத இடத்தில் வேண்டுமென்றே சுரக்க வைத்தால் குழாய் அங்கே திரும்பிப் போகிறது. இந்தப் புரதத்தை அமெரிக்காவில் ஸ்டான்ஃபோர்டில் மார்க் கிராஸ்னோவின் குழு 1996-ல் கண்டுபிடித்துச் சொன்னது. இந்தக் கட்டத்தில் எங்கே சுரக்க வேண்டும் என்பது முன்பே முடிவாகிவிட்டது, எந்தக் கருவைப் பார்த்தாலும் ஒரே வரைபடம்தான். பெரிய ஆறுகளும் தலைப்பு வாய்க்கால்களும் திட்டம் போட்டு வெட்டியவை என்று வைத்துக்கொள்ளலாம்.

புழு பொரிப்பதற்குச் சற்று முன்னால் குழாய்க்குள் இருக்கும் நீரை அந்தச் செல்களே உறிஞ்சிவிடுகின்றன, சில நிமிடங்களில் காற்று நிரம்பிவிடும். அதுவரை கண்ணுக்குத் தெரியாமல் இருந்த குழாய் அந்த நேரத்தில் வெள்ளிக் கோடாகத் தெரியும்.

இனிதான் இரண்டாவது கட்டம். புழு தின்று தின்று வளர்கிறது. எந்தத் தசை எவ்வளவு பெரிதாகும், எதற்கு எவ்வளவு காற்று தேவைப்படும் என்பதை முன்கூட்டியே திட்டம் போட்டு வைக்க முடியாது. இங்கே கிளைகளின் நுனியில் இருக்கும் செல்கள் வேலையை எடுத்துக்கொள்கின்றன. ஒரே ஒரு செல், அதிலிருந்து மெல்லிய கைகள் பல திசையில் பிரிந்து போகும், ஒவ்வொரு கைக்குள்ளும் ஒரு குழாய். அதாவது குழாய் செல்களுக்கு நடுவில் இல்லை, ஒரு செல்லின் உள்ளேயே இருக்கிறது, அதன் விட்டம் ஒரு மைக்ரானுக்கும் குறைவு.

இந்தக் கைகள் எந்தப் பக்கம் நீள்கின்றன? இதைப் பற்றி யோசித்தவர்களில் முன்னோடி கேம்பிரிட்ஜில் இருந்த வின்சென்ட் விக்கிள்ஸ்வொர்த். 1950-களில் அவர் ரத்தம் குடிக்கும் ஒரு பெரிய மூட்டைப்பூச்சி வகையில் ஒரு மூச்சுக்குழாயை வெட்டிவிட்டு என்ன நடக்கிறது என்று பார்த்தார். காற்று கிடைக்காமல் போன தோல் செல்கள் மெல்லிய இழைகளை நீட்டி, பக்கத்தில் இருக்கும் நுண்குழாயைப் பற்றித் தங்கள் பக்கம் இழுத்துக்கொண்டன. இதை முதன்முதலில் படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை. தண்ணீர் வராத வயல் கையை நீட்டி வாய்க்காலைத் தன் பக்கம் இழுத்துக்கொள்கிறது! பிறகு 1999-ல் கிராஸ்னோவின் குழுவே ஈயில் இதன் மூலக்கூறைக் காட்டியது. ஆக்சிஜன் குறைந்த செல்கள் பிராஞ்ச்லெஸ் புரதத்தைச் சுரக்கின்றன, நுனிச் செல் அந்தத் திசையில் கிளை விடுகிறது. முட்டைக்குள் திட்டத்தின்படி வந்த அதே ஜீன்தான் இங்கே தவிப்பின்படி வருகிறது. புழுவைக் காற்றில் ஆக்சிஜன் குறைந்த இடத்தில் வளர்த்தால் நுண்கிளைகள் கூடும், அதிகமான இடத்தில் வளர்த்தால் குறையும்.

அப்பாவிடம் இதைச் சொன்னதும் அவர் உடனே கேட்டது: "எல்லாரும் கூப்புட்டா? மேமடைக்காரன் மொத்தத்தையும் வாங்கிக்கிட்டா கீழ உள்ளவனுக்கு என்ன இருக்கும்?"

எத்தனையோ கருத்தரங்குகளில் பேசியிருக்கிறேன், இவ்வளவு நேராக யாரும் இதைக் கேட்டதில்லை. இதற்கும் விடை இருக்கிறது. காற்று வந்து சேர்ந்ததும் அந்தச் செல் சுரப்பதைக் குறைத்துவிடுகிறது. கேட்பது தானாக அடங்கிவிடுகிறது, அதனால் ஏற்கெனவே கிடைத்த இடத்துக்கு மேலும் மேலும் கிளை போய்க் குவிவதில்லை, இன்னும் தவிக்கிற இடத்தின் குரல்தான் குழாய்க்குக் கேட்கும். குழாயின் பக்கத்திலும் ஒரு கட்டுப்பாடு உண்டு. கருவுக்குள் கிளை விடும்போது எல்லாச் செல்களும் முன்னே ஓடப் பார்க்கின்றன, புரதத்தை நன்றாக உணர்கிற செல் முன்னால் போய்விடும், அது நாட்ச் என்ற இன்னொரு சமிக்ஞையால் மற்றவற்றை "நீங்கள் பின்னால் வாருங்கள்" என்று நிறுத்திவிடும். அந்தப் பின்னால் வருபவைதான் குழாயின் உடம்பாகின்றன. எல்லாமே நுனியாகிவிட்டால் குழாய் ஏது?

ஆற்றுப்பாசனத்துக்கு இதை அப்படியே பொருத்த முடியாது என்பதும் எனக்குத் தெரியும். ஈயைச் சுற்றிக் காற்று தீராமல் இருக்கிறது, நமக்கு மேட்டூரில் இருப்பதே அளவுதான், மழை பொய்த்த வருடம் கடைமடை எவ்வளவு கூப்பிட்டாலும் வருவதற்குத் தண்ணீர் இல்லை. ஆனால் தண்ணீர் இருக்கிற வருடத்திலும் எங்களுக்கு வராமல் போகிறதே, அப்போது எங்கள் குரல் எந்த மதகுக்கும் கேட்பதில்லை என்பதும் உண்மைதான். மதகைத் திறந்து மூடும் லஸ்கரைத் தேடிச் சைக்கிளில் அலைந்த அப்பாவைப் பார்த்து வளர்ந்தவள் நான். எனக்கு இந்தச் செல்களின் மேல் இவ்வளவு ஆசை ஏன் என்று கேட்டால் அதையும் சேர்த்துத்தான் சொல்ல வேண்டும்.

ஆக்சிஜன் குறைவதைச் செல் எப்படி உணர்கிறது என்பதும் பெரிய கதை. மனிதச் செல்களில் எச்.ஐ.எஃப் என்ற புரதம் ஆக்சிஜன் இருக்கும்போது உடனுக்குடன் அழிக்கப்படும், குறைந்தால் தங்கிவிடும், தங்கினால் ரத்தக்குழாயை வரவழைக்கும் ஜீன்களைத் தூண்டும். இதைக் கண்டறிந்த கெய்லின், ராட்கிளிஃப், செமென்சா மூவருக்கும் 2019-ல் மருத்துவ நோபல் கிடைத்தது. ஈயில் இதே வேலையைச் செய்யும் புரதத்துக்கு சிமா என்று பெயர். புற்றுக்கட்டி தன் பக்கம் ரத்தக்குழாயை இழுத்துக்கொள்வதும் பெரும்பாலும் இந்த வழியில்தான், அங்கே மட்டும் கூப்பிடுவது அடங்குவதே இல்லை.

நான் இப்போது பார்த்துக்கொண்டிருப்பது நுனிச் செல்லுக்குள் அந்தக் குழாய் ஏன் ஒரே சீரான அகலத்தில் இருக்கிறது என்பதை. பெரிய குழாய்களில் உள்ளே கைட்டின் என்ற பொருள் தற்காலிகமாக நிரம்பி அளவு காட்டுகிறது, அது சரியாக அமையாவிட்டால் குழாய் அளவு மீறி நீண்டு நெளிநெளியாகிவிடும். ஒற்றைச் செல்லுக்குள் யார் அளவு காட்டுவது? அதைப் பற்றி வேலை முடிந்ததும் தனியாக எழுதுகிறேன்.

டெல்டா பள்ளிகளில் உயிரியல் படிக்கிறவர்கள், சொல்லிக்கொடுக்கிறவர்கள் யாராவது இதைப் படித்தால் ஒன்று செய்து பாருங்கள். நன்கு கனிந்த வாழைப்பழத்தை ஒரு கண்ணாடிப் பாட்டிலில் போட்டுத் திறந்து வையுங்கள், ஈ வந்து உட்கார்ந்ததும் வாயை மெல்லிய துணியால் கட்டிவிடுங்கள். சித்திரை, வைகாசியில் வேண்டாம், 30 டிகிரியைத் தாண்டினால் ஆண் ஈக்கள் மலடாகிவிடும், நாங்களே கோடையில் மின்சாரம் போனால் இன்குபேட்டரைப் பார்த்துக்கொண்டுதான் இருப்போம். மார்கழி, தை நல்ல காலம். சில நாட்களில் பாட்டில் சுவரில் வெள்ளைப் புழுக்கள் ஏறும். ஒன்றை எடுத்துக் கண்ணாடித் தகட்டில் ஒரு சொட்டுத் தண்ணீரில் வைத்து, பள்ளியில் இருக்கும் சாதாரண நுண்ணோக்கியில் குறைந்த உருப்பெருக்கத்திலேயே பாருங்கள். முதுகில் இரண்டு குழாய்கள் தெளிவாகத் தெரியும். அவற்றிலிருந்து பிரியும் கிளையைப் பின்தொடர்ந்து, எவ்வளவு தூரம் போக முடிகிறது என்று பார்த்துவிட்டு எனக்கு எழுதுங்கள், படம் எடுத்து அனுப்பினால் எது எந்தக் கிளை என்று நான் குறித்துத் தருகிறேன்.