ஹால் டிக்கெட்டுக்காக ஹைகோர்ட்

திருச்சியில் இருக்கும் அக்கா மகனுக்கு ஹால் டிக்கெட் கிடையாது என்று கல்லூரியில் சொல்லிவிட்டார்கள். பொறியியல் மூன்றாம் வருடம். மஞ்சள் காமாலையில் படுத்ததில் வருகைப்பதிவு 61 சதவீதத்துக்கு வந்துவிட்டது. அண்ணா பல்கலைக்கழக விதிப்படி 75 வேண்டும், உடம்பு முடியவில்லை என்று சான்றிதழ் கொடுத்தால் 65 வரை விட்டுக்கொடுப்பார்கள், அதற்கும் கீழே என்றால் அந்த செமஸ்டரையே மறுபடி படிக்க வேண்டியதுதான். உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ரிட் (கல்லூரிக்கு உத்தரவு போடச் சொல்லிக் கேட்கும் மனு) போடலாம் என்கிறாராம் வக்கீல்.

உடனே குடும்ப வாட்ஸ்அப்பில் மாமா டெல்லி உயர் நீதிமன்றத் தீர்ப்பை எடுத்துப் போட்டார். 2025 நவம்பரில் வந்தது, வருகை போதவில்லை என்று மாணவரைத் தேர்விலிருந்து தடுக்கக்கூடாது என்கிறது. ஆனால் மாமா, அது சட்டக் கல்லூரி மாணவர்களுக்கு! 2016இல் ஒரு சட்ட மாணவர் இதே பிரச்சினையில் உயிரை மாய்த்துக்கொண்டதை ஒட்டி எழுந்த வழக்கு. மதுரையில் அதை எடுத்துக்காட்டலாம், நீதிபதி ஏற்றே ஆக வேண்டும் என்றில்லை.

அக்கா நினைப்பதுபோல ரிட் போட்டதும் எல்லாம் முடிந்துவிடாது. இந்த மாதிரி வழக்கில் பெரும்பாலும் கேட்பது இடைக்கால உத்தரவுதான்: இப்போதைக்கு எழுத விடுங்கள், ரிசல்ட்டை வழக்கு முடியும்வரை வெளியிட வேண்டாம் என்று. பையன் எழுதிவிடுவான், அப்புறம் அடுத்த செமஸ்டர் ஓடும், அதற்கடுத்ததும் ஓடும், கடைசியில் மனு தள்ளுபடி ஆனால் எழுதியதெல்லாம் அந்தரத்தில். குரு நானக் தேவ் பல்கலைக்கழக வழக்கில் உச்ச நீதிமன்றம் 1993லேயே இப்படி இரக்கப்பட்டு இடைக்கால உத்தரவு போடுவதைக் கடுமையாகக் கண்டித்திருக்கிறது. எனக்கும் அது சரியென்றுதான் படுகிறது, சொந்த மருமகன் விஷயமாகவே இருந்தாலும்.

டெல்லித் தீர்ப்பில் யாரும் ஃபார்வர்ட் செய்யாத பகுதிதான் எனக்குப் பிடித்தது. வருகை நிலவரத்தை வாராவாரம் மாணவருக்குத் தெரிவி, மாதாமாதம் பெற்றோருக்குச் சொல், குறைந்தவர்களுக்குக் கூடுதல் வகுப்பு எடு. எங்கள் பையன் விஷயத்தில் நடக்காதது இதுதான். கல்லூரி ஃபீஸுக்கு மட்டும் தவறாமல் எஸ்எம்எஸ் அனுப்புகிறது.

இங்கே சிங்கப்பூரில் மட்டும் தாராளம் என்று நினைக்க வேண்டாம். ஸ்டூடண்ட் பாஸில், அதாவது வெளிநாட்டு மாணவருக்கான அனுமதியில், தனியார் கல்லூரிக்கு வந்தவர்கள் எந்த மாதத்திலும் 90 சதவீதத்துக்குக் கீழே போகக்கூடாது, காரணமில்லாமல் போனால் கல்லூரி குடிநுழைவு ஆணையமான ஐசிஏவுக்குத் தெரிவித்தாக வேண்டும், பாஸே போகலாம். அதனால்தான் இங்கே படிக்கும் பிள்ளைகள் சாதாரணக் காய்ச்சலுக்கும் கிளினிக்கில் வரிசையில் நின்று எம்சி (மருத்துவச் சான்றிதழ்) வாங்கிப் பத்திரப்படுத்துகிறார்கள்.

வக்கீலுக்குப் பணம் கட்டுமுன் வருகைப்பதிவை நாள்வாரியாக எழுத்தில் கேட்டு வாங்கச் சொன்னேன். ஆஸ்பத்திரியில் இருந்த நாட்களையும் அதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் வழக்குக்கு உயிர் இருக்கிறதா என்று தெரியும். அக்கா நாளைக்கு முதல்வரைப் பார்க்கப் போகிறாள்.