பார்க்கலாம் என்று சொன்னேன்

"அண்ணா, அந்தப் படிக்கட்டு மட்டும் இருந்துட்டுப் போகட்டுமே?"

"பார்க்கலாம்."

அவ்வளவுதான் பேச்சு. அரை நிமிடம்கூட இருக்காது. மூன்று வருடமாக அதையே மனதுக்குள் ஓட்டிப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். மேலே இருப்பவர் "பார்க்கலாம்" என்றால் அது என்ன பதில் என்று தமிழ் பேசுகிற எவருக்கும் தெரியும். அவளுக்கும் தெரிந்திருந்தது. தலையாட்டிவிட்டுப் போய்விட்டாள்.

நாங்கள் நடத்தும் ஆன்லைன் விளையாட்டில், கனவுலகத்தின் கிழக்குப் பகுதியை அழிப்பது என்று அதற்கு முன்பே முடிவாகியிருந்தது. கதைப்படி, சேர்ந்து கனவு காண்கிறவர்களில் ஒருத்தி விழித்துக்கொள்கிறாள். அவள் பங்குக்குக் கண்டதெல்லாம் கரைந்துபோகிறது. எழுதியவர்களை இன்றைக்கும் மெச்சுவேன். உண்மைக் காரணத்தில் கவித்துவம் ஒன்றும் இல்லை. ஆரம்ப காலத்தில் கட்டிய பகுதி, புது லைட்டிங்குக்கு ஒத்துவரவில்லை, திருத்துவதைவிட இடிப்பது சுலபம். எந்தெந்த இடம் போக வேண்டும் என்று பட்டியல் போட்டவன் நான். எத்தனை பேர் வந்துபோகிறார்கள் என்ற கணக்கை வைத்துப் போட்டேன். படிக்கட்டுக்கு வருகிறவர்கள் மிகக் குறைவு. வந்தவர்கள் எவ்வளவு நேரம் இருந்தார்கள் என்ற எண்ணும் அதே அட்டவணையில் பக்கத்திலேயே இருந்தது. நான் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் மட்டும் மனம் மாறியிருப்பேனா என்றால், சந்தேகம்தான்.

படிக்கட்டில் ஒரு பக், அதாவது நிரல் கோளாறு, இருந்தது. மற்ற இடங்களில் கீழே போட்ட பொருள் 30 நிமிடத்தில் தானாக மறைந்துவிடும். சேர்ந்துகொண்டே போனால் சர்வர் தாங்காது. அப்படிக் கூட்டித் தள்ள வேண்டிய எல்லையை வரைந்தவர்கள் கீழ்ப்பக்கம் 11 படிகளை விட்டுவிட்டார்கள். (சரி, வரைந்ததும் நான்தான்.) அங்கே வைத்தது வைத்தபடியே கிடக்கும். அவள் டெஸ்டிங்கில் இருந்தாள். ஒருநாள் கூப்பிட்டுக் காட்டினாள். படி முழுக்கச் செருப்புகள். எல்லாமே இடது கால். செருப்பை இடது, வலது என்று தனித்தனிப் பொருளாக எதற்காக வைத்தோம் என்று எங்கள் குழுவில் இப்போது யாருக்கும் ஞாபகமில்லை. விளையாட்டை விட்டே போகிறவர்கள் கடைசியாக அங்கே வந்து ஒன்றைக் கழற்றி வைத்துவிட்டுப் போவார்களாம். மற்றது அவர்களோடேயே இருக்குமாம்.

என் பக்கமும் நியாயம் உண்டு. பேரழிவு என்று அறிவித்துவிட்டு, பிடித்ததை மட்டும் ஒதுக்கி வைத்தால் அது பேரழிவா? வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட் என்ற ஆன்லைன் விளையாட்டு 2010 நவம்பரில் ஒரு டிராகனை எழுப்பித் தன் பழைய நிலப்பரப்பைக் கிழித்துப்போட்டது. ஃபைனல் ஃபேன்டசி 14 என்ற விளையாட்டு இன்னும் ஒரு படி மேலே: 2012 நவம்பர் 11 அன்று வானத்திலிருந்து சிறு நிலவு ஒன்றை இறக்கி, கதையை முடித்து, சர்வரையே அணைத்துவிட்டு, 2013 ஆகஸ்டில் புதிதாகக் கட்டிக்கொண்டு வந்தார்கள். மீட்டிங்கில் இரண்டையும் எடுத்துச் சொன்னவன் நான். அழிவில் சலுகை கிடையாது என்றுகூடச் சொன்ன ஞாபகம். வார்கிராஃப்ட் ஆட்கள் பழைய நிலத்தைக் கேட்டுக் கேட்டு, 2019 ஆகஸ்டில் கிளாசிக் என்ற பெயரில் அது தனியாகத் திரும்பி வந்ததை மட்டும் சொல்லவில்லை.

அங்கே திரும்பி வந்தது நிலம். நிலம் எங்களிடமும் இருக்கிறது. பழைய மேப் பத்திரமாக உள்ளது. செருப்புகள் மேப்பில் இல்லை. அவை டேட்டாபேஸில் வெறும் வரிகள்: யார் போட்டது, எந்தப் பொருள், எந்தப் படி. பகுதியோடு அந்த வரிகளும் போயின. பேக்கப் 30 நாள் இருந்தது. அந்த 30 நாளும் அவள் எனக்கு இரண்டு நாற்காலி தள்ளித்தான் உட்கார்ந்திருந்தாள். மறுபடி கேட்டிருந்தால் எடுத்து வைத்திருப்பேன் என்று ரொம்ப நாள் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். கேட்டபோது அப்படி ஒரு பதிலைச் சொல்லிவிட்டு, இரண்டாம் முறை கேட்கவில்லையே என்று அவள்மேல் குறைபடுவது எந்த ஊர் நியாயம்?

பகுதியை அழித்த இரவு படிக்கட்டில் கூட்டம் நின்றது. நான் எதிர்பார்க்கவில்லை. ஒருவர் தன் வாள், விளக்கு, வருடக்கணக்கில் சேர்த்த கவசம் எல்லாவற்றையும் கீழே கொட்டிவிட்டு, பை கொள்ளும் மட்டும் செருப்புகளை அள்ளினார். கரைதல் அடிப்படியிலிருந்து ஒவ்வொரு படியாக ஏறிவந்தது. அந்த வேகத்தை நிர்ணயித்ததும் நான்தான். பார்ப்பதற்கு அழகாக இருக்கட்டும் என்று மெதுவாக வைத்திருந்தேன். அதனால்தான் அவருக்கு நேரம் கிடைத்தது என்று சில நாள் நினைத்துக்கொள்வேன். சில நாள் அதுவும் பொய்யாகப் படும்.

போன மாதம் அவருடைய கணக்கைத் தேடிப் பார்த்தேன். இன்னும் விளையாடுகிறார். பையில் 40 இடம். 40-லும் இடது கால் செருப்பு. வேறெதையும் எடுக்க வழியில்லாமல்தான் சுற்றிக்கொண்டிருக்கிறார். அவள் இப்போது வேறு குழுவில் இருக்கிறாள். போய்ச் சொன்னேன்.

"அந்தப் பதினோரு படியை மட்டும் கட்டிக் குடுத்தா, இறக்கி வெச்சிடுவார்ண்ணா" என்றாள்.

குழுவுக்கு வேலைக் கோரிக்கையாக ஒரு டிக்கெட் எழுத உட்கார்ந்தேன். படியைக் கட்டினால் போதாது, எல்லையில் அதே ஓட்டையையும் வேண்டுமென்றே விட வேண்டும். அதை எப்படி எழுதினாலும் கிறுக்குத்தனமாகத்தான் வருகிறது. இன்னும் அனுப்பவில்லை.