விட்டுப்போன வரி

"படிச்சுக் காட்டச் சொன்னேன் சார். நேரமாச்சுன்னு செயலாளர் தம்பி சொன்னாரு. போட்டுட்டேன்."

அந்த அம்மா சொன்னது இவ்வளவுதான். நான் எழுதியது: "தீர்மானத்தைப் படித்துப் பார்க்காமல் கையொப்பமிட்டேன்." பொய் இல்லை. அவர் சொன்னதில் கடைசி ஒரு சொல்லை மட்டும் எடுத்து, அலுவலகத் தமிழில் நீட்டியிருக்கிறேன்.

கூட்டுறவுச் சங்கச் சட்டத்தின் 81-ஆம் பிரிவில் ஒரு சங்கத்தின் மீது நான் நடத்திய விசாரணையில் அது பதினோராவதோ பன்னிரண்டாவதோ வாக்குமூலம். நிலமே இல்லாத ஆட்களுக்குப் பயிர்க்கடன். சிட்டா, அடங்கல் எதுவும் இல்லை. பட்டியலை அங்கீகரித்த தீர்மானத்தில் நிர்வாகக் குழு முழுவதும் கையெழுத்து. இந்த அம்மா 2013 சங்கத் தேர்தலில் பெண்களுக்கான 30 சதவீத இடத்தில் வந்தவர். கூட்டத்தில் சுவரோரம் உட்காருவார், புத்தகம் வந்தால் கையெழுத்துப் போடுவார், போய்விடுவார் என்று மற்ற இயக்குநர்களே சொன்னார்கள். விசாரணைக்கு மூன்று மாதக் கெடு. எனக்கு மிச்சம் ஒன்பது நாள். வாக்குமூலம் என்றால் கோப்புக்குத் தோதாக இருக்க வேண்டும். இதை யாரும் எனக்குச் சொல்லித் தந்ததில்லை, பழைய கோப்புகளைப் புரட்டியே கைக்குப் படிந்துவிட்டது.

விட்டுப்போன அந்த வரி அவ்வளவு முக்கியமா? அதே சட்டத்தின் 87-ஆம் பிரிவில் சங்கத்தின் இழப்புக்காக ஒருவர் மீது தண்டத் தீர்வை விதிக்க, அதாவது இழப்பை அவரிடமே வசூலிக்க, வெறும் கவனக்குறைவு போதாது. நம்பிக்கை மோசடி இல்லாத இடத்தில், அது வேண்டுமென்றே காட்டிய அலட்சியமாக இருக்க வேண்டும். படித்துக் காட்டச் சொல்லிக் கேட்டவர் அதற்குள் வருவாரா? வரமாட்டார் என்றுதான் எனக்குப் படுகிறது. சில நாள் வருவார் என்றும் படுகிறது. நேரமாச்சு என்றால் நாளைக்குப் போடுகிறேன் என்று சொல்லியிருக்கலாமே? இயக்குநர் பதவி என்ன அலங்காரத்துக்கா? அப்புறம், சுவரோரம் உட்கார்ந்திருக்கும் ஒரு பெண் அந்தக் கூட்டத்தில் அப்படிச் சொல்ல முடியுமா என்று யோசித்தால், அந்தக் கேள்வியே அசட்டுத்தனமாகத் தெரிகிறது.

தண்டத் தீர்வை உத்தரவு நான் போட்டதில்லை, துணைப் பதிவாளர் போட்டது. அறிவிப்பு அனுப்பினார், பதில் வாங்கினார், நேரிலும் அழைத்தார். முறையில் குறை சொல்ல ஒன்றுமில்லை. யாரிடமோ எழுதி வாங்கிய அந்த அம்மாவின் பதிலில் "கருணையுடன் பரிசீலிக்க வேண்டுகிறேன்" இருந்தது. படித்துக் காட்டச் சொன்னது இல்லை. நேரில் என்ன நடந்திருக்கும்? வாக்குமூலத்தில் சொன்னது சரிதானே என்று கேட்டிருப்பார்கள். சரிதான் என்றிருப்பார். 1958-இல் குல்லப்பள்ளி நாகேஸ்வர ராவ் வழக்கில் உச்ச நீதிமன்றம், ஒருவர் கேட்டு இன்னொருவர் முடிவெடுத்தால் நேர்முக விசாரணை வெற்றுச் சடங்காகிவிடும் என்றது. இங்கே நாங்கள் இரண்டு பேருமே கேட்டோம். ஆனால் அந்த வரி காதில் விழுந்தது எனக்கு மட்டும்.

நானாவது படித்துக் காட்டினேனா? காட்டினேன். "மேற்படி வாக்குமூலம் எனக்குப் படித்துக் காட்டப்பட்டது, சரியாக உள்ளது" என்ற கடைசி வரியை முதலிலேயே எழுதி வைத்துவிட்டு, அவர் பஸ்ஸுக்குப் பையை எடுத்த நேரத்தில் கடகடவென்று வாசித்தேன். "சரிங்க சார்" என்றார். பேனாவை அழுத்திப் பிடித்து ஒவ்வொரு எழுத்தாகப் போட்டார். ஒரு புள்ளியை மறந்து, திரும்ப வந்து வைத்தார். நான் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அவர் பங்குக்கு விழுந்த தொகை இரண்டு கறவை மாட்டின் விலை. மேல்முறையீட்டுக்கு மாவட்ட நீதிபதியிடம் போகலாம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். விசாரணை அலுவலர் அப்படிச் சொல்வது முறையா என்று தயங்கினேன். உத்தரவின் கடைசிப் பத்தியிலேயே அது இருக்குமே, யாராவது படித்துக் காட்டியிருப்பார்கள்.